மூணு தூணும் ஒரு மதுரை கைடும்

கைடு வேலை பார்க்கிறவனைத் தன் குரூப்புல சேர்த்துக் கூட்டிட்டுப் போற கைடு பாவம். என்ன சொல்றாங்கனு கேட்கிறதை விட்டுட்டு, எப்படிச் சொல்றாங்கனு நோட்டம் விட்டுக்கிட்டே வருவான். வெயில்ல நிக்க வெச்சுப் பேசுறாங்களா, நிழல் பார்த்து நிறுத்துறாங்களா? கழிப்பறை எங்க இருக்குனு முதல்லயே சொன்னாங்களா? கடைசி ஆள் வந்து சேர்ற வரைக்கும் வாயைத் திறக்காம இருக்கிற பொறுமை இருக்கா? மீனாட்சியம்மன் கோயில்லயும் திருமலை நாயக்கர் மகால்லயும் வெளிநாட்டுக்காரங்களோட அலைஞ்சே பாதி ஆயுசு போனவன் நான். எனக்கு அந்தப் புத்தி போகாது.

தங்கச்சி மகள் இத்தாலியில, நேப்பிள்ஸ்ல தொல்லியல் படிக்கிறா. பார்க்கப் போனப்ப, "மாமா, ஒருநாளாவது நீங்க காசு குடுத்து இன்னொருத்தர் பின்னாடி நடங்க"னு சொல்லி ஒரு வேன் டூர்ல பேர் பதிஞ்சுட்டா. நான் வெசூவியஸ் எரிமலை, அது சாம்பல்ல புதைச்ச பொம்பெயினு நெனச்சுக்கிட்டேன். அவ பதிஞ்சது நகரத்துக்கு மேக்கால இருக்கிற காம்பி ஃப்ளெக்ரேய்ங்கிற பகுதிக்கு.

பொம்பெயிக்கு வேற ஒருநாள் போனோம். அதைப் பத்தி எழுதாதவங்க இல்லை, அதனால இங்க வேண்டாம். ஒண்ணே ஒண்ணு மட்டும்: ஊருக்குத் திரும்பினதும் எல்லாரும் கேட்டது "பொம்பெயில கிடைச்ச நம்ம லட்சுமியைப் பார்த்தியா?"ங்கிறதுதான். பார்த்தேன். தந்தத்துல செஞ்ச ஒரு சாண் பொம்மை. 1938-ல ஒரு வீட்டுல தோண்டி எடுத்தது, இப்ப நேப்பிள்ஸ் அருங்காட்சியகத்துல இருக்கு. ஆனா அது லட்சுமியாங்கிறதே சந்தேகம். யட்சினுதான் நிறைய ஆய்வாளர்கள் சொல்றாங்க. அதே சாயல்ல பொம்மைகள் கிடைச்சதும் மகாராஷ்டிரப் பக்கம்தான். வாட்ஸ்அப்புல "தமிழர் தெய்வம் ரோமில்"னு அனுப்புற அண்ணன்மாருக்கு ஒரு கும்பிடு.

சரி, அன்னிக்கு நடந்ததுக்கு வர்றேன்.

காலையில வெள்ளனே வேன் வந்துருச்சு. ஒரு ஜெர்மன் தம்பதி, ஸ்பெயின்லேர்ந்து ஒரு அம்மாவும் மகனும், நாங்க ரெண்டு பேரு. கைடு நாப்பது வயசு மதிக்கிற ஒரு அம்மா. கையில கொடி இல்லை, குடை இல்லை, தோள்ல ஒரு பைனாகுலர் மட்டும் தொங்குது. வண்டி கிளம்பினதும், "இன்னிக்கு எரிமலையைத் தேடாதீங்க. இன்னும் கால் மணி நேரத்துல அதுக்குள்ள இருப்போம்"னு சொல்லிட்டு டிரைவரோட பேசப் போயிட்டாங்க. அவ்வளவுதான் அறிமுகம். நானா இருந்தா ரிங் ரோடு தாண்டுறதுக்குள்ள பாண்டியர், நாயக்கர், மல்லிகைப்பூ, ஜிகர்தண்டா எல்லாத்தையும் கொட்டி முடிச்சிருப்பேன்.

ஒத்தக்கடைப் பக்கம் ஆனைமலையைக் காட்டி, "இது எரிமலையா?"னு கேட்கிற குரூப் எனக்கு அடிக்கடி வாய்க்கும். இல்லீங்க, பூமிக்கு ஆழத்துல சூட்டுலயும் அழுத்தத்துலயும் உருமாறின பழம்பாறைனு சொல்வேன். முகம் வாடிரும். காம்பி ஃப்ளெக்ரேய்ல கதை தலைகீழ். அங்க மலைனு சொல்ல ஒண்ணுமே இல்லை; வீடு, ரயில், எலுமிச்சைத் தோட்டம், பள்ளிக்கூடம், நடுவுல அங்கங்க பள்ளம். ஆனா முழுசும் எரிமலை வாய். சுமார் 39,000 வருஷத்துக்கு முன்னாடி ஒரு தடவையும், 15,000 வருஷத்துக்கு முன்னாடி ஒரு தடவையும் பெருசா வெடிச்சு, மேல இருந்த நிலம் உள்ள இறங்கினதுல உண்டான பள்ளம். குறுக்கே பன்னெண்டு கிலோமீட்டருக்கு மேல இருக்கும். பாதி கடலுக்குள்ள கிடக்கு. மீதியில லட்சக்கணக்கான சனம் குடியிருக்கு.

சோல்ஃபதாராங்கிற கந்தக வாய் 2017-லேர்ந்து பூட்டிக் கிடக்கு. ஒரே குடும்பத்துல மூணு பேர் உள்ள விழுந்து இறந்த விபத்துக்கப்புறம் திறக்கலை. வேலிக்கு இங்கிட்டு நிறுத்தினாங்க. அழுகின முட்டை வாடை. அங்கிட்டு வெள்ளையா ஆவி. "இரண்டு நிமிஷம் பேசாம நில்லுங்க"னு சொன்னாங்க. நின்னோம். துணி, தலைமுடியெல்லாம் அந்த வாடை ஏறிக்கிச்சு. ராத்திரி குளிச்ச பிறகும் சட்டையில இருந்துச்சு. பூட்டின கதவுக்கு முன்னாடி மன்னிப்புக் கேட்டுட்டு வேகமா வண்டியை எடுக்கிற கைடுங்களைத்தான் எனக்குத் தெரியும் (கோயில் நடை சாத்தியிருந்தா நாங்க செய்றது அதுதான்). பூட்டின கதவையே காட்சியா ஆக்கினதை அன்னிக்குத்தான் பார்த்தேன்.

அப்புறம் பொத்சுவோலி ஊருக்குள்ள ஃப்ளேவியன் ஆம்ஃபிதியேட்டர், ரோமானியர் காலத்துச் சண்டை அரங்கம். 40,000 பேர் வரைக்கும் உட்கார்ந்து பார்த்திருக்கலாம்ங்கிறாங்க. இத்தாலியில மூணாவது பெருசு. மேல மைதானத்துக்குக் கூட்டிட்டுப் போகாம நேரா தரைக்கு அடியில இறக்கிட்டாங்க. அங்க வளைஞ்சு வளைஞ்சு போற நடை, ரெண்டு பக்கமும் மிருகங்களை அடைச்சு வெச்ச அறை, தலைக்கு மேல சதுரமா வெட்டின ஓட்டை. அந்த ஓட்டை வழியா கூண்டைக் கயித்துல மேல இழுத்து சிங்கத்தையும் கரடியையும் திறந்து விடுவாங்களாம். மேல ஆர்ப்பரிக்கிற கூட்டம், கீழ இருட்டுல கயித்தைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிற அடிமை. அலங்காநல்லூர் வாடிவாசலுக்குப் பின்னாடி, மாட்டைப் பிடிச்சுக்கிட்டு முறைக்காகக் காத்திருக்கிறவங்க முகம் ஞாபகம் வந்துச்சு. "மாமா, இங்க செத்தது மாடுபிடிக்கிறவன் மட்டும் இல்லை"னு தங்கச்சி மகள் வெடுக்குனு சொன்னா. சரிதான்.

இப்பத்தான் தூண்.

ஊர் நடுவுல, கடல்லேர்ந்து கொஞ்ச தூரத்துல, தெருமட்டத்துக்குக் கீழ ஒரு பெரிய பள்ளம், சுத்தி இரும்புக் கிராதி. உள்ள ஒரு ரோமானியச் சந்தையோட இடிபாடு. மீனும் கறியும் வித்த இடம். 1750 வாக்குல தோண்டினப்ப செராபிஸ்ங்கிற எகிப்தியச் சாமி சிலை கிடைச்சதால கோயில்னு நெனச்சுட்டாங்க. இன்னமும் ஊருக்குள்ள செராபிஸ் கோயில்னுதான் பேர். அதுல முழுசா நிக்கிறது மூணு பளிங்குத் தூண். நாப்பது அடி உயரம் இருக்கும்.

பைனாகுலரை அந்தம்மா முதல்ல ஸ்பெயின் பையன் கையில குடுத்தாங்க. "அடியிலேர்ந்து மெதுவா மேல ஏத்திட்டுப் போ. எங்க மாறுதுனு சொல்லு."

அவன் பார்த்தான். "பொத்தல்."

"எங்க ஆரம்பிக்குது?"

எங்க எல்லாருக்கும் பைனாகுலர் சுத்தி வந்துச்சு. என் முறை வந்தப்ப நல்லா நிதானமா பார்த்தேன். அடியிலேர்ந்து பன்னெண்டு அடி வரைக்கும் தூண் வழவழனு இருக்கு. அதுக்கு மேல ஒரு ஒன்பது அடிக்கு, பட்டை கட்டின மாதிரி, விரல் நுழையிற அளவுல ஓட்டை ஓட்டையா அரிச்சுக் கிடக்கு. மூணு தூண்லயும் ஒரே உயரத்துல. அதுக்கு மேல மறுபடியும் பழைய பளிங்கு; வெயில் மழையில மங்கினது மட்டும்தான்.

யாரும் வாய் திறக்கலை. அந்தம்மாவும் சொல்லலை. ஜெர்மன்காரர் குண்டடினு நெனச்சார். அவர் வீட்டம்மா பூச்சினு சொன்னாங்க. நான் தூணுக்குச் சங்கிலி கட்டியிருப்பாங்களோனு யோசிச்சேன். எல்லாரும் சொல்லி முடிச்ச பிறகுதான் பதில் வந்துச்சு: அது கடல் சிப்பி. பேரீச்சம்பழம் மாதிரி பழுப்பா நீளமா இருக்கும். சுண்ணாம்புக் கல்லையும் பளிங்கையும் துளைச்சு அதுக்குள்ள குடியிருக்கும். கடல்தண்ணிக்குள்ள மட்டும்தான் வாழும்.

அதாவது காய்ஞ்ச நிலத்துல கட்டின சந்தை, ஒருகாலத்துல கடலுக்குள்ள இருபது அடிக்கு மேல இறங்கியிருக்கு. தூணோட அடிப்பகுதி மண்ணுலயும் சாம்பல்லயும் புதைஞ்சு போனதால சிப்பிக்கு எட்டலை, தப்பிச்சுது. நடுப்பகுதி தண்ணிக்குள்ள, அதைத்தான் அரிச்சது. மேல்பகுதி தண்ணிக்கு வெளிய நின்னது. அப்புறம் அத்தனையும் மறுபடி மேல வந்திருக்கு. மூணு தூணும் சாயக்கூட இல்லை. சார்ல்ஸ் லையல்ங்கிற நிலவியலாளர் 1830-ல போட்ட தன் புத்தகத்துக்கு முகப்புப் படமா இந்த மூணு தூணைத்தான் வெச்சார். நிலம் ஏறும், இறங்கும், அதுவும் மனுசங்க வரலாற்றுக் காலத்துக்குள்ளயே நடக்கும்ங்கிறதுக்கு அவருக்கு இதைவிட நல்ல சாட்சி கிடைக்கலை.

இது பழங்கதையும் இல்லை. கீழ இருக்கிற எரிகுழம்போட வாயுவும் சூடேறின தண்ணியும் அழுத்தம் குடுக்கக் குடுக்க நிலம் எழும்புது, அழுத்தம் விட்டா இறங்குது. 1970-லேர்ந்து 72 வரைக்கும் ஒரு தடவை, 1982-லேர்ந்து 84 வரைக்கும் இன்னொரு தடவை, ரெண்டும் சேர்த்து மூணு மீட்டருக்கு மேல ஊரே உசந்திருக்கு. ரெண்டாவது தடவை ஆயிரக்கணக்கான சனத்தை வேற இடத்துக்குக் குடி மாத்தினாங்க. 2005-லேர்ந்து மறுபடி ஏறிக்கிட்டிருக்கு, ஒரு மீட்டர் தாண்டிருச்சு. அங்கேர்ந்து துறைமுகத்துக்கு நடத்திட்டுப் போய்ப் படகு கட்டுற இடத்தைக் காட்டினாங்க. சேத்துல ரெண்டு படகு சாய்ஞ்சு கிடக்கு. தண்ணி வத்தினதுனு நெனச்சேன். கடல் அங்கயேதான் இருக்கு, தரைதான் மேல போயிருச்சு.

எங்க ஆயிரங்கால் மண்டபத்துல நிஜக் கணக்கு 985 தூண். மகால்ல 248. ரெண்டையும் தூக்கத்துல கேட்டாலும் சொல்வேன். மூணே தூணை வெச்சுக்கிட்டு முக்கால் மணி நேரம் ஒரு குரூப்பைக் கட்டிப் போடுறது எப்படினு மட்டும் எனக்கு யாரும் சொல்லிக் குடுத்ததில்லை.

மதியச் சாப்பாடு மீன். நல்லாத்தான் இருந்துச்சு, காரம் இல்லை. அதோட அந்தப் பேச்சை விடலாம்.

அவெர்னோ ஏரியும் மோந்தே நுவோவோ குன்றும் பக்கத்துப் பக்கத்துல இருக்கு. ஏரி ஒரு பழைய எரிமலை வாய். பாதாளத்துக்கு வாசல்னு ரோமானியர்கள் நம்பினாங்க, அப்புறம் அதே ஏரிக்குக் கால்வாய் வெட்டிக் கப்பல் படைக்கும் பயன்படுத்தினாங்க. இப்ப சுத்தி திராட்சைத் தோட்டம். குன்று 1538-ல, ஒரே வாரத்துல முளைச்சது. மகாலைக் கட்டினது 1636. நான் தினமும் "பழமையான அரண்மனை"னு காட்டுற கட்டடத்துக்கு அந்தக் குன்று நூறு வருஷம்தான் மூப்பு. வெடிப்பு அடங்கிருச்சுனு வேடிக்கை பார்க்க மேல ஏறினவங்கதான் கடைசி வெடிப்புல மாண்டாங்களாம். ஸ்பெயின் அம்மா உடனே மகன் கையைப் பிடிச்சுக்கிட்டாங்க.

பாக்கோலியில பிஷினா மிராபிலிஸ்னு ஒரு நிலத்தடித் தண்ணித் தொட்டி. மீசேனும் துறைமுகத்துல இருந்த ரோமானியக் கப்பல் படைக்காக வெட்டினதுனு சொல்றாங்க. உள்ள இறங்கினா தேவாலயம் மாதிரி வளைவு வளைவா போகுது. 48 தூண். அந்தம்மா எண்ணிக்கை சொல்லலை, நானே எண்ணிக்கிட்டேன், பழக்கம் விடுமா? சுவத்துல பூசின காரையைத் தடவிப் பார்த்தேன். அந்தப் பக்கத்து எரிமலைச் சாம்பலைச் சுண்ணாம்போட கலந்தா தண்ணிக்குள்ளயே இறுகும். கிறிஸ்துவுக்கு முந்தின நூற்றாண்டுலயே விட்ருவியஸ்ங்கிற கட்டடக்காரர் அதை எழுதி வெச்சிருக்கார். மகால்ல கருப்பட்டி, கடுக்காய், முட்டை வெள்ளைக்கரு கலந்த சுண்ணாம்புனு சொல்லிச் சொல்லிப் பழகின எனக்கு அதைத் தொட்டுப் பார்க்க ஆசை இருந்துச்சு. நம்ம வீடு கட்டுற பிபிசி (போர்ட்லேண்ட் பொசலானா) சிமென்ட்லயும் இதே வித்தைதான். எரிமலைச் சாம்பலுக்குப் பதிலா அனல்மின் நிலையச் சாம்பல்.

கடைசியா மீசேனும் முனை. மலை விளிம்பு, கீழ கடல், விரிகுடாவுக்கு அந்தக் கரையில வெசூவியஸ். அந்தம்மா பிளினிக் கதையை ஆரம்பிச்சாங்க. கிபி 79-ல இங்க கப்பல் படைத் தலைவரா இருந்தவர் மூத்த பிளினி. வெசூவியஸ் வெடிச்சு, பைன் மரம் மாதிரி ஒரு மேகம் எழும்புறதைப் பார்த்துட்டு, முதல்ல வேடிக்கை பார்க்கக் கிளம்பினார். உதவி கேட்டுச் சேதி வந்ததும் பெரிய கப்பல்களை எடுத்துக்கிட்டு நேரா அந்தப் பக்கம் போனார். பதினேழு வயசு மருமகன்கிட்ட "நீயும் வர்றியா?"னு கேட்டதுக்கு, படிக்கணும்னு அவன் இங்கயே இருந்துக்கிட்டான். தங்கச்சி பிள்ளைதான். அவன்தான் பின்னாடி டாசிடஸ்ங்கிற வரலாற்றாசிரியருக்குக் கடிதம் எழுதி நமக்கு அத்தனையும் சொன்னவன். மாமன் ஸ்டாபியே கரையில இறங்கினார். கல்மழைக்குத் தலையில தலகாணி கட்டிக்கிட்டு ஓடினவங்க கூட்டத்துல அவரும் ஒருத்தர். திரும்பி வரலை.

என் தங்கச்சி மகள் என்னை முழங்கையால இடிச்சா. "சொல்லுங்க மாமா."

"எதைத்தா?"

"மோதுரா."

பிளினி எழுதின பெரிய நூல்ல, இந்தியாவுக்குக் கப்பல் போற வழியைச் சொல்ற இடத்துல நம்ம ஊர் இருக்கு. பாண்டியன் ஆள்றான், அவன் நகரம் துறைமுகத்துலேர்ந்து வெகு தூரம் உள்ள தள்ளி இருக்கு, அதுக்குப் பேர் மோதுரானு எழுதியிருக்கார். அதே பக்கத்துலதான் வருஷத்துக்கு அஞ்சு கோடி செஸ்டர்ஸ் காசை இந்தியா உறிஞ்சுதுனு புலம்பலும். நான் மதுரையில எத்தனையோ பேர்கிட்ட ரெண்டையும் சொல்லியிருக்கேன். ஆனா அவர் கப்பல் எடுத்த துறையை மேலேர்ந்து பார்த்துக்கிட்டு நிக்கையில தொண்டை கட்டிக்கிச்சு. திக்கித் திக்கி இங்கிலீஷ்ல சொன்னேன்.

அந்தம்மா, "உங்க ஊர் எது?"னு கேட்டாங்க.

"அந்த மோதுராதான்."

வேற கைடா இருந்தா "ஓ, அருமை!"னு ஒரு சிரிப்போட அடுத்த இடத்துக்கு நகர்ந்திருப்பாங்க. இவங்க குரூப்பை அப்படியே உட்கார வெச்சுட்டு, "மீதியை நீங்க சொல்லுங்க"னுட்டு தானும் ஒரு கல்லுல உட்கார்ந்துட்டாங்க. நான் சொன்னேன்: புலம்பின காசு எங்க ஊர்ப்பக்கம்தான் வந்துச்சு. தமிழ்நாட்டுல பானை பானையா ரோமானியத் தங்கமும் வெள்ளியும் தோண்டி எடுத்திருக்காங்க. வைகை ஆத்து மணல்லகூட செப்புக்காசு கிடைச்சிருக்கு. அது பிளினிக்கு ரொம்பப் பின்னாடி, நாலாம் அஞ்சாம் நூற்றாண்டுக் காசு. வைகை கடல்ல சேர்ற அழகன்குளத்துலயும் ரோமானியச் சாமான் கிடைச்சிருக்கு. எங்க பழைய பாட்டு ஒண்ணுல நக்கீரர் பாண்டியன் நன்மாறனைப் பார்த்து, யவனர் கொண்டாந்த குளிர்ந்த மணமுள்ள தேறலைப் பொன் கிண்ணத்துல குடிச்சு இனிதா இருனு வாழ்த்துறார்.

"அந்த ஒயின் எந்த ஊருது?"னு ஜெர்மன்காரர் கேட்டார். நியாயமான கேள்வி. பாட்டுல இல்லை.

அதுக்குத் தங்கச்சி மகள்தான் பதில் சொன்னா. கீழ கடற்கரைக்கு இறங்கினதும் ஒரு கை மணல் அள்ளிக் காட்டினா. மணலுக்குள்ள கறுப்பா, கண்ணாடிச் சில்லு மாதிரி மினுக்குது. எரிமலை மணல். இந்த விரிகுடாவைச் சுத்திச் செஞ்ச ஒயின் ஜாடிகளோட மண்ணுல இந்தக் கறுப்பு மணி கலந்திருக்கும். உடைஞ்ச ஜாடித் துண்டைத் திருப்பிப் பார்த்தாலே தெரியும். அந்த மாதிரி ஓடு அரிக்கமேட்டுலயும் கேரளத்துப் பட்டணத்துலயும் கிடைச்சிருக்குனா. அவ படிப்பே அதுதான், பானை ஓடு. கைடம்மா நோட்டுப் புத்தகத்தை எடுத்து "அரிக்கமேடு"னு எழுத்துக் கூட்டி எழுதிக்கிட்டாங்க.

போறவங்களுக்கு ஒரு வார்த்தை. பொத்சுவோலிக்கு நேப்பிள்ஸ்லேர்ந்து மெட்ரோவே போகுது. தூணைத் தெருவுலேர்ந்தே பார்க்கலாம், காசு வேண்டாம். பைனாகுலர் மட்டும் மறக்காதீங்க. பிஷினா மிராபிலிஸுக்கு முன்கூட்டியே பதிஞ்சுக்கிட்டுப் போறது நல்லது. சின்னச் சின்ன நிலநடுக்கம் அங்க சகஜம், கிளம்புறதுக்கு முன்னாடி நிலவரம் பார்த்துக்கங்க.

ஊருக்கு வந்து மகால் வாசல் டீக்கடையில கூட்டாளி கைடுங்ககிட்ட மூணு தூண் கதையைச் சொன்னேன். இனிமே மகால்ல எண்ணிக்கையைக் கடைசியா சொல்லலாம், முதல்ல ஒரே ஒரு தூண்கிட்ட நிறுத்திக் காரையைத் தொட்டுப் பார்க்கச் சொல்லலாம்னு என் யோசனையையும் வெச்சேன். எல்லாருக்கும் மூத்தவர் கிளாஸை வெச்சுட்டு என்னைப் பார்த்தார்.

"தம்பி, 248னு சொன்னா அண்ணாந்து பார்த்துட்டு டிப்ஸ் குடுப்பான். ஒண்ணைக் காட்டினா, மீதி 247 எங்கனு கேட்பான். அப்புறம் நீ ஒவ்வொண்ணா காட்டு."